வெளியே பாடகன், உள்ளே பாட்டு

ரங்கூன் என்றதும் எம்மவர் மனதில் முதலில் எழுவது திரும்பி வந்தவர்களின் கதைதான். 1942இல் ஜப்பானியப் படைகள் நுழைந்தபோது காடுகளையும் மலைகளையும் கடந்து அஸ்ஸாம், மணிப்பூர் வரை நடந்தவர்கள். 1964இல் நே வின் ஆட்சி கடைகளையும் வர்த்தக நிறுவனங்களையும் அரசுடைமையாக்கிய பின் வெறுங்கையுடன் கப்பலேறிச் சென்னைக்கு வந்தவர்கள். அங்கே பர்மா பஜாரில் கடை விரித்தவர்கள். 1931ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டின்படி ரங்கூனில் வாழ்ந்தவர்களில் பாதிக்கு மேற்பட்டோர் இந்தியர்கள். எம்மவரில் பெரும்பாலோர் வெளியேறிய பின்னர் அந்த நகரம் என்ன பாடியது என்று கேட்பதற்கும் எமக்கு உரிமை உண்டு. அகதிகளாகிவிட்ட எமக்கு அதில் ஒரு தேவையும் உண்டு.

நகரின் நடுவிலுள்ள வட்டாரம் கியாக்டடா. சூலே பகோடாவும் நகர மண்டபமும் மகாபண்டுலா பூங்காவும் பழைய உயர்நீதிமன்றக் கட்டடமும் அங்கேதான் உள்ளன. எந்தக் கிளர்ச்சியும் கடைசியில் வந்து சேரும் சந்தி அது. 1988 ஓகஸ்ட் 8ஆம் திகதி பொது வேலைநிறுத்தத்தின்போது பல்லாயிரக்கணக்கானோர் நகர மண்டபத்தின் முன் திரண்டார்கள். அன்றிரவு இராணுவம் சுட்டது. செப்டெம்பர் 18இல் இராணுவம் நேரடியாகவே ஆட்சியைக் கைப்பற்றியது.

அந்த மாதங்களில் பிறந்த பாட்டு ஒன்று. நாயிங் மியன்மார் என்ற பாடலாசிரியர் எழுதியது. 'கபா ம சே பூ' என்று தொடங்கும் அதன் தலைப்பை 'உலகம் அழியும்வரை எம் மனம் ஆறாது' என்று தமிழில் சொல்லலாம். மெட்டு அவருடையதல்ல. 'கான்சஸ்' என்ற அமெரிக்க இசைக்குழுவின் கெரி லிவ்கிரென் எழுதி 1977இல் இசைத்தட்டில் வந்த 'டஸ்ற் இன் த விண்ட்' பாட்டின் மெட்டு அது. மனித வாழ்வு காற்றில் பறக்கும் தூசு என்று அலுத்துக்கொண்ட மெட்டு, ரங்கூனில் இறந்தவர்களை மறக்கமாட்டோம் என்ற சூளுரையாக மாறிவிட்டது.

இதனைத் திருட்டு என்று தள்ளிவிட முடியாது. வெளியுலகத்திலிருந்து துண்டிக்கப்பட்டிருந்த பர்மாவில், வானொலியிலும் கசற்றிலும் வந்துசேர்ந்த அந்நிய மெட்டுகளுக்குப் பர்மியச் சொற்களைப் பொருத்திப் பாடுவது ஒரு தனி இசைவகையாகவே வளர்ந்திருந்தது. இந்தி மெட்டுக்குத் தமிழ்ச் சொல் போட்டுப் பாடிய நாடக மேடையும் சினிமாவும் எமக்குப் புதியவையல்ல. போர்த்துக்கேயர் விட்டுச்சென்ற பைலாவில் நித்தி கனகரத்தினம் யாழ்ப்பாணத்துப் பேச்சை ஏற்றிப் பாடியதை நாம் எமது பாட்டு என்றுதானே கொண்டாடினோம்?

ஆட்சிக் கவிழ்ப்பின் பின் ஆயிரக்கணக்கான மாணவர்கள் தாய்லாந்து எல்லைக்குத் தப்பிச் சென்றார்கள். ரங்கூனில் பெயர்பெற்றிருந்த கச்சின் இனப் பாடகர் முன் அவுங்கும் அவர்களோடு சேர்ந்துகொண்டார். எல்லைக்கு அப்பால் அவர் பாடிய பாடல்கள் கசற்றுகளாகி நாட்டுக்குள் போயின. பின்னர் அவர் நோர்வேயில் தஞ்சமடைந்தார். 1992இல் அதே நோர்வேயிலிருந்துதான் 'பர்மாவின் ஜனநாயகக் குரல்' வானொலி தனது சிற்றலை ஒலிபரப்பைத் தொடங்கியது. ஒஸ்லோவில் எம்மவர் வாரவிடுமுறையில் பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்த அதே காலம். அதே பனி, அதே நகரம், வேறொரு நாட்டின் அகதிகள்.

பாடகன் வெளியே நிற்க, பாட்டு உள்ளே போகும் இந்த நிலையை ஐரோப்பாவும் அறியும். ஜேர்மனியில் வாழும் எம்மவர் வொல்ஃப் பியர்மான் என்ற பெயரைக் கேட்டிருப்பார்கள். தானே எழுதி, தானே மெட்டமைத்து, கிற்றாருடன் பாடும் கவிஞர். 1936இல் ஹம்பேர்க்கில் பிறந்தவர். யூதரும் கம்யூனிஸ்ற்றுமான அவரது தந்தை 1943இல் ஒஸ்விற்சில் கொல்லப்பட்டார். மகன் 1953இல் தானாக விரும்பிக் கிழக்கு ஜேர்மனிக்குக் குடிபெயர்ந்தார். அந்த அரசோ 1965இல் அவர் மேடையேறுவதையும் எழுத்துகளை வெளியிடுவதையும் தடைசெய்தது. பேர்லின் வீட்டின் அறையிலிருந்து பாடி ஒலிப்பதிவு செய்தார். அந்த இசைத்தட்டுக்கு வீட்டு விலாசமான 'சௌசே வீதி 131' என்பதே பெயர். தெருவின் வாகன இரைச்சலும் அதில் சேர்ந்தே கேட்கும்.

பதினொரு வருடத் தடைக்குப் பின் மேற்கு ஜேர்மனியில் பாட அவருக்கு அனுமதி கிடைத்தது. 'ஐ.ஜி. மெற்றால்' என்ற உலோகத் தொழிலாளர் சங்கம் அழைத்திருந்தது. 1976 நவம்பர் 13ஆம் திகதி கொலோன் நகர விளையாட்டரங்கில் ஏறத்தாழ 7,000 பேர் முன்னிலையில் நான்கு மணித்தியாலத்துக்கும் மேலாகப் பாடினார், பேசினார், வாதாடினார். தன் நாட்டை விமர்சித்தார். ஆனால் அதைக் கைவிடவில்லை. சுற்றுப்பயணம் முடியவில்லை. 16ஆம் திகதி கிழக்கு ஜேர்மனி அவரது குடியுரிமையைப் பறித்தது. திரும்பிப்போக நாடு இல்லை.

அந்தக் கச்சேரியின் நேரடி ஒலிப்பதிவு பின்னர் இசைத்தட்டாக வெளிவந்தது. அதைக் கேட்பவருக்கு ஒரு விசித்திரம் புலப்படும். அதில் பாடுபவன் பயணி. ஊருக்குத் திரும்பப் போகிறவன். அந்தக் குரலுக்குத் தான் அகதி என்பது இன்னும் தெரியாது. கேட்கும் எமக்குத் தெரியும். ஒலிப்பதிவுக்கூடத்தில் பிறகு பாடிச் சேர்த்திருந்தால் இது கிடைத்திராது. சில நாட்களில் மேற்கு ஜேர்மன் தொலைக்காட்சி அக்கச்சேரியை ஒளிபரப்பியது. மேற்கின் அலைகளைப் பிடிக்க முடிந்த கிழக்கு வீடுகளில் மக்கள் பார்த்தார்கள். தன் நாட்டில் பதினொரு வருடம் மேடை மறுக்கப்பட்டவன், நாட்டைவிட்டுத் துரத்தப்பட்ட கிழமையில்தான் அந்த நாட்டின் வீடுகளுக்குள் நுழைந்தான். கிறிஸ்டா வொல்ஃப், ஹைனர் முல்லர் உட்படக் கிழக்கின் எழுத்தாளர்கள் எதிர்ப்புக் கடிதம் எழுதினார்கள். 1989 டிசம்பர் 1ஆம் திகதி, மதில் திறந்த மாதம் கழிந்ததும், பியர்மான் லைப்சிக்கில் மீண்டும் பாடினார்.

கியாக்டடாவுக்குத் திரும்புவோம். 2007இல் பிக்குகளின் ஊர்வலங்கள் சூலே பகோடாவை வந்தடைந்தன. செப்டெம்பர் 27ஆம் திகதி அதன் அருகில் ஜப்பானிய ஊடகவியலாளர் கென்ஜி நாகாய் சுட்டுக் கொல்லப்பட்டார். 2021 பெப்ரவரி 1ஆம் திகதி இராணுவம் மீண்டும் ஆட்சியைப் பறித்தது. இரவு எட்டு மணிக்கு மாடிவீடுகளில் மக்கள் சட்டிபானைகளைத் தட்டினார்கள். பகலில் சூலே சந்தியில் திரண்ட இளைஞர்களின் வாயில் 'கபா ம சே பூ' மீண்டும் ஒலித்தது. அவர்களில் மிகப்பலர் 1988இல் பிறந்திருக்கவே இல்லை. மூன்று தசாப்தங்கள் அந்தப் பாட்டை உயிரோடு வைத்திருந்தவர்கள் கசற்றைப் பிரதி செய்தவர்களும், தாழ்ந்த குரலில் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்தவர்களுமே.

இங்கேதான் எம்மை நோக்கி ஒரு கேள்வி எழுகிறது. புலம்பெயர்ந்த நாடுகளில் நாமும் பாடல்கள் எழுதினோம், மண்டபங்களை நிறைத்தோம், கசற், பின்னர் இறுவட்டு என்று வெளியிட்டோம். அவற்றுள் எத்தனை பாட்டுகளை வன்னியிலோ மட்டக்களப்பிலோ இருப்பவர் தன் பாட்டாக எடுத்துப் பாடுவார்? பெரும்பாலானவை நாம் எமக்கே பாடிக்கொண்டவை. எமது குற்றவுணர்வுக்கும் ஏக்கத்துக்கும் மருந்தாகப் போட்டுக்கொண்டவை. அதுவும் ஒரு தேவைதான். ஆனால் அதை ஊரின் குரல் என்று நாம் அழைப்பதில் ஒரு அவசரம் இருக்கிறது. வெளியிலிருந்து வரும் பாட்டு, உள்ளே இருப்பவர் வாயில்தான் முழுமையடைகிறது. சொல்லை மாற்றிப் பாடும் உரிமையும் அவர்களுக்கே.

இன்னொன்றும் உண்டு. கலைவிழாக்களில் யாரோ மடியில் வைத்துப் பதிந்த ஒலிநாடாக்கள் எம்மவர் வீட்டு நிலவறைகளில் கிடக்கின்றன. பாடகரின் குரலைவிட இருமலும் குழந்தையின் அழுகையும், பல்லவியில் ஒன்றாக எழும் சனத்தின் குரலும் அவற்றில் உரக்கக் கேட்கும். தரம் குறைந்தவை என்று நாம் எறிவதற்கு முன் யோசிக்க வேண்டும். பாடகர்களின் குரல் எப்படியும் வேறெங்காவது பதிவாகியிருக்கும். அந்தச் சனத்தின் குரல் அந்த நாடாக்களில் மட்டுமே இருக்கிறது.