ஜெயித்த வழக்கு எங்கே போனது?

கோர்ட்டுக்குப் போனால் வழக்கு ஜெயிக்கும், இல்லாவிட்டால் தோற்கும். மூன்றாவதாக இன்னொன்றும் உண்டு. வழக்கு நடக்கும்போதே சட்டம் மாறி, மனுவில் கேட்ட கேள்விக்கே வேலை இல்லாமல் போய்விடும். ‘மனு பயனற்றதாகிவிட்டது’ என்பார்கள். நில விவகாரத்தில் இதற்குப் பெரிய உதாரணம் பீகார் ஜமீன்தார்களின் வழக்கு.

ஜமீன்களை அரசே எடுத்துக்கொள்ள 1950-ல் பீகார் நிலச் சீர்திருத்தச் சட்டம் வந்தது. இழப்பீட்டுக் கணக்கு ஏறுமாறாக இருந்தது. ஆண்டு நிகர வருமானம் 500 ரூபாய்க்குள் என்றால் அதைப்போல் 20 மடங்கு. ஒரு லட்சத்தைத் தாண்டினால் வெறும் 3 மடங்கு! தர்பங்கா மகாராஜா காமேஷ்வர் சிங் உள்ளிட்ட ஜமீன்தார்கள் வழக்குப் போட்டார்கள். ‘இழப்பீடு போதாது’ என்று வாதாட அரசியல் சட்டத்தின் 31-வது பிரிவு இடம் கொடுக்கவில்லை. ஆனால் 14-வது பிரிவு, அதாவது சட்டத்தின் முன் எல்லோரும் சமம் என்பது, இருந்ததே! பாட்னா உயர் நீதிமன்றம் 1951 மார்ச் 12 அன்று அதை ஏற்று, சட்டம் செல்லாது என்றது.

ஜமீன்தார்களின் சந்தோஷம் மூன்று மாதம்தான் நீடித்தது. அதே ஆண்டு ஜூன் 18-ல் முதல் அரசியல் சட்டத் திருத்தம் வந்தது. ஒன்பதாவது அட்டவணை என்று ஒன்றை உருவாக்கி, 13 நிலச் சட்டங்களை அதில் சேர்த்தார்கள். சென்னை மாகாணத்தின் 1948 எஸ்டேட் ஒழிப்புச் சட்டமும் அதில் உண்டு. அடிப்படை உரிமையைக் காட்டி இவற்றை எதிர்க்க முடியாது. எந்தத் தீர்ப்பு ஏற்கனவே வந்திருந்தாலும் சரி, இவை தொடக்கத்திலிருந்தே செல்லும்! அக்டோபர் 5-ல் உச்ச நீதிமன்றமும் இந்தத் திருத்தம் செல்லும் என்றது. பாட்னாவில் ஜெயித்த வாதம் செல்லாக்காசு ஆனது.

ஆனாலும் ஒரு துண்டு மிஞ்சியது. குடியானவர்கள் ஜமீன்தாருக்குத் தரவேண்டிய குத்தகை பாக்கி முழுவதையும் அரசு எடுத்துக்கொண்டு, அதில் பாதியை மட்டும் தரும் என்பது சட்டத்தின் ஒரு பிரிவு. இதில் பொதுநலன் எதுவும் இல்லை என்று 1952 மே மாதம் உச்ச நீதிமன்றப் பெரும்பான்மை அதை ரத்து செய்தது. நிலம் போனது, பாக்கி மட்டும் தப்பியது.

உழுதவன் பக்கம் நின்று பார்த்தால் இந்தத் திருத்தம் நியாயமே. ஜமீன்தார்கள் வருடக்கணக்கில் வழக்காடிக்கொண்டிருந்தால் அவன் எத்தனை அறுவடைக்குக் காத்திருப்பான்? ஆனால் ஒருமுறை திறந்த கதவு அப்புறம் மூடவே இல்லை. அட்டவணையில் சட்டங்கள் 284 வரை போயின. நீலகிரியின் கூடலூர் ஜென்மம் எஸ்டேட் சட்டத்தின் ஒரு பகுதியை 1972-ல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்ய, 1974-ல் அந்தச் சட்டமும் உள்ளே போனது. அதையொட்டிய வழக்கில்தான் 2007 ஜனவரி 11 அன்று ஒன்பது நீதிபதிகள் எல்லை போட்டார்கள். 1973 ஏப்ரல் 24-க்குப் பிறகு அட்டவணையில் சேர்த்த சட்டங்களை, அரசியல் சட்டத்தின் அடிப்படைக் கட்டமைப்பைக் காட்டிக் கேள்வி கேட்கலாம்.

பயனற்றுப்போன கேள்விக்குப் பாதி பதில் கிடைக்க 56 வருடம் ஆகியிருக்கிறது.