பழைய டைரக்டரிகளில் திண்டுக்கல்: 1906 கெசட்டியரின் சித்திரம் பற்றிய மறுவிசாரணை

திண்டுக்கல்லைப் பழைய டைரக்டரிகளில் தேடுபவர் மாகாணத் தொகுப்புகளின் மொபசல் பகுதிக்குத்தான் போக வேண்டும். இங்கிலாந்து நகரங்களுக்கு வந்த கெல்லி டைரக்டரிகள் தெருவாரியாக, வீட்டு எண் வரிசையில் குடியிருப்போரைச் சொல்லும். தென்னிந்தியாவுக்குக் கிடைப்பவை வேறு வகை. சென்னையில் ராணுவ ஆதரவற்ற சிறுவர் விடுதியோடு தோன்றிய அச்சகம் வெளியிட்ட அசைலம் பிரஸ் ஆல்மனாக் ஒன்று. கல்கத்தாவின் தாக்கர் ஸ்பிங்க் நிறுவனம் 1885 முதல் இந்தியா முழுமைக்குமாக வெளியிட்ட டைரக்டரி மற்றொன்று. அதிகாரிகள், பாதிரிமார், தோட்ட முதலாளிகள், வணிக நிறுவனங்கள் ஆகியோரின் வரிசைகளே இரண்டிலும் பெரும்பகுதி.

இவற்றை வைத்து நகர வரலாறு எழுத முனைவோர் பெரும்பாலும் டபிள்யூ. பிரான்சிஸ் 1906இல் தொகுத்த மதுரை மாவட்ட கெசட்டியரோடு ஒப்பிட்டு நிறைவடைகிறார்கள். இக்கட்டுரை மறுப்பது அந்த ஒப்பீட்டை. கெசட்டியரின் திண்டுக்கல், புகையிலையும் சுருட்டும் முன்னிற்கும் ஊர். அந்தச் சுருட்டுத் தொழிலும் ஐரோப்பியர் நடத்திய தொழிற்சாலையின் வழியாகவே சொல்லப்படுகிறது. டைரக்டரியைத் திறந்தால் அங்கும் ஸ்பென்சர் போன்ற கம்பெனியின் பெயரே கண்ணில் படுகிறது. இரண்டு சாட்சிகள் ஒத்துப்போவதால் செய்தி உறுதி என்பது வழக்கமான முடிவு.

உண்மையில் அங்கே இருப்பது ஒரே சாட்சி. கெசட்டியர் கலெக்டர் அலுவலக ஆவணங்களையும் மாவட்டத்தில் இருந்த ஐரோப்பியர் தந்த தகவல்களையும் கொண்டு எழுந்தது. டைரக்டரியின் அதிகாரிகள் வரிசை அரசுப் பட்டியல்களிலிருந்து வந்தது. நிறுவனங்களின் விவரம் அந்தந்த நிறுவனம் எழுதி அனுப்பியது. ஒரே ஜன்னல் வழியாகப் பார்த்த இருவர் ஒரே காட்சியைச் சொன்னால், ஜன்னலுக்கு வெளியே வேறொன்றும் இல்லை என்று ஆகிவிடாது. 1901 கணக்கெடுப்பில் திண்டுக்கல்லின் மக்கள்தொகை 25,182. டைரக்டரியில் பெயர் பெறும் தகுதி அவர்களில் மிகச் சிலருக்கே இருந்தது. கடிதம் எழுதிச் சரக்கு கேட்கும் வாடிக்கையாளருக்குப் பயன்படும் பெயர்களே அச்சேறின. இலை வாங்கிக் கைமாற்றிய தரகர், வீட்டுத் திண்ணையில் சுருட்டு சுற்றியவர், தோல் பதனிட்டவர் யாருக்கும் அந்த வாடிக்கையாளரோடு நேர்த் தொடர்பில்லை. ஆகவே ஒரு தொழில் டைரக்டரியில் முதன்முதலாகத் தோன்றும் ஆண்டு, அது தொடங்கிய ஆண்டு ஆகாது. தொலைவில் உள்ளவரோடு அது வணிகம் பேசத் தொடங்கிய ஆண்டு என்பதற்கு மேல் அதில் பொருளில்லை.

ஆண்டுக் கணக்கிலும் ஒரு சிக்கல் உண்டு. புத்தாண்டையொட்டி வெளிவரும் தொகுதியின் செய்தி முந்தைய ஆண்டின் பிற்பகுதியைச் சேர்ந்தது. யாரும் திருத்தி அனுப்பாத பதிவு அடுத்தடுத்த தொகுதிகளிலும் அப்படியே தொடரும். திருச்சி–மதுரை ரயில் பாதை 1875இல் திண்டுக்கல் வழியாகத் திறந்தது. அதன் விளைவை 1876ஆம் ஆண்டுத் தொகுதியில் தேடுவது அவசரம்.

இந்தச் சிக்கல் முழு உருவில் தெரிவது அம்மையநாயக்கனூர் என்ற ஒரே பெயரில். திண்டுக்கல் சீமையின் பாளையங்களில் ஒன்று அது, பின்னர் ஜமீன். அதே பெயரில் ஒரு கிராமம். 1875க்குப் பிறகு அதே பெயரில் ரயில் நிலையம். மலைச்சாலை வருவதற்கு முன் கொடைக்கானலுக்குப் போனவர்கள் இங்கே இறங்கி, மாட்டுவண்டியில் மலையடிவாரம் சேர்ந்து, பிறகு குதிரையிலோ டோலியிலோ ஏறினார்கள். மலையில் வசித்தவருக்கு வரும் சரக்கும் இங்கேதான் இறங்கியது. எனவே ஒரு பெயருக்கு எதிரே அம்மையநாயக்கனூர் என்று இருந்தால், அந்த ஆள் சமவெளியில் குடியிருந்தார் என்று கொள்வதற்கில்லை. மலைவாசியாக இருக்கலாம், ஜமீன் அலுவலராகவும் இருக்கலாம். அந்த நிலையம் பின்னர் கொடைக்கானல் ரோடு ஆயிற்று. பழைய பதிவுகள் திருத்தப்படாமல் தொடர்வதால், பெயர் மாறிய ஆண்டை டைரக்டரிகளை மட்டும் வைத்து நிறுவ முடியாது. அதற்குச் சாட்சி ரயில்வே கால அட்டவணைகளே.

பூட்டுத் தொழில் இன்னும் கடினமான வழக்கு. நாகல்நகர், நல்லாம்பட்டி, யாகப்பன்பட்டி வட்டாரப் பட்டறைகளில் வளர்ந்த இத்தொழிலுக்கு 2019இல் புவிசார் குறியீடு கிடைத்தது. தொழிலாளர் கூட்டுறவுச் சங்கம் 1957இல் அமைந்தது. இவை ஐயமற்ற ஆண்டுகள். தொடக்கத்தைப் பற்றிய வாய்மொழிச் செய்திகளோ ஒன்றுக்கொன்று பல பத்தாண்டுகள் விலகி நிற்கின்றன. ஒரு டைரக்டரியில் பூட்டுக்காரர் பெயர் இல்லை என்பதைக் கொண்டு, அக்காலத்தில் தொழிலே இல்லை என்று வாதிடுவது செல்லாது. மாங்காய்ப் பூட்டு செய்தவர் உள்ளூர்ச் சந்தையையும் கடைக்காரரையும் நம்பியவர். கல்கத்தாவில் அச்சாகும் தொகுதி அவருக்குத் தேவைப்படவில்லை. சாவியும் நெம்புகோலும் தனித்தனியே கையால் அராவிப் பொருத்தும் அந்த வேலைமுறை, ஓர் ஆண்டில் ஒருவர் கொண்டுவந்து இறக்கிய தொழில் போலத் தோன்றவில்லை. கொல்லுப் பட்டறையிலிருந்து படிப்படியாகப் பிரிந்திருக்கவே வாய்ப்பு அதிகம். இது ஊகம்தான், ஆனால் டைரக்டரியின் மௌனம் இதற்கு எதிர்ச் சான்று ஆகாது.

விடுபட்டவர்களைக் காட்டக்கூடியவை உள்ளூர்ப் பதிவேடுகள். 1866இல் அமைந்த நகராட்சியின் வரி விதிப்பு ஏடுகள் வீட்டு உரிமையாளரைச் சொல்லும். பதிவாளர் அலுவலகப் பத்திரங்கள் நான்கெல்லையோடு பக்கத்து வீட்டுக்காரரையும் சொல்லும். டைரக்டரியில் கம்பெனி பெயரையும் ஆண்டையும் பிடித்துக்கொண்டு, அதன் இடத்துக்கான பத்திரத்துக்குப் போனால், எல்லைகளில் நெசவாளரும் தோல் வியாபாரியும் தலைகாட்ட வழியுண்டு. டைரக்டரி இங்கே நுழைவாயில் மட்டுமே.

எந்தத் தலைப்பில் தேடுவது என்பதும் காலத்துக்கேற்ப மாறும். 1790இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் கலெக்டர் அமர்ந்தது திண்டுக்கல்லில். மதுரை தலைமையிடமானது பின்னர். ஆகவே மிகப் பழைய ஆல்மனாக்குகளில் திண்டுக்கல்லைத் தனித் தலைப்பாகவும் தேட வேண்டும். அதன் பிறகு 1985 செப்டம்பர் 15 அன்று தனி மாவட்டம் பிறக்கும் வரை, பழனியும் கொடைக்கானலும் உட்பட எல்லாம் மதுரை மாவட்டத்தின் கீழேயே கிடக்கும். இன்று தேனி மாவட்டத்தில் உள்ள பெரியகுளம், போடி ஊர்களும் அதே பக்கங்களில்தான் உள்ளன.