நட்டத்தைப் பங்கிடுதல்: கப்பற் சொந்தக்காரரின் பரஸ்பரக் காப்புறுதிக் கழகங்கள்

ரொறன்ரோவில் பதேர்ஸ்ற் வீதி ஏரியைத் தொடும் இடத்தில் அயர்லாந்துப் பூங்கா என்றொரு சிறிய திடல் இருக்கிறது. எலும்பும் தோலுமாய்ச் சில வெண்கல உருவங்கள் அங்கே நிற்கின்றன. 1847ஆம் ஆண்டில் உருளைக்கிழங்குப் பஞ்சத்துக்குத் தப்பி இந்நகருக்கு வந்து சேர்ந்த 38,000க்கும் மேற்பட்ட ஐரிஷ் மக்களின் நினைவாக 2007இல் திறக்கப்பட்ட இடம் அது. அன்று நகரின் சனத்தொகை சுமார் 20,000 மட்டுமே. வந்தவர்களில் 1,100க்கும் மேற்பட்டோர் அந்த ஆண்டே இங்கு நோயில் மடிந்தனர். அட்லாண்டிக் கடலில் வீசப்பட்டவர்களும் கியூபெக்கின் குறோஸ் தீவில் புதைக்கப்பட்டவர்களும் இந்தக் கணக்கில் சேரார்.

அந்த மக்களை ஏற்றிவந்த கப்பல்களைப் பற்றி ஒரு கேள்வியை எழுப்பிப் பார்க்கலாம். அவற்றில் ஒன்று வழியில் உடைந்திருந்தால் நட்டம் யாருக்கு? கப்பலுக்குக் காப்புறுதி எடுக்கலாம், சரக்குக்கும் எடுக்கலாம். கீழ்த்தளத்தில் அடைந்து கிடந்த மனிதரைப் பொறுத்தவரை கப்பற் சொந்தக்காரர் அஞ்ச வேண்டிய பெருங்கடன் எதுவும் அண்மைக்காலம் வரை இருக்கவில்லை. இந்த நிலை எவ்வாறு மாறியது என்பதே கப்பற் சொந்தக்காரரின் பரஸ்பரக் காப்புறுதிக் கழகங்களின் வரலாறு. அகதிகளாகிய எமக்கு இது அந்நியமான விடயமல்ல.

கதை 1720இல் தொடங்குகிறது. அந்த ஆண்டு பிரித்தானியப் பாராளுமன்றம் இயற்றிய சட்டம், கடற் காப்புறுதி செய்யும் உரிமையை றோயல் எக்ஸ்சேஞ்ச், லண்டன் அஷ்யூரன்ஸ் என்ற இரண்டு கம்பனிகளுக்கு மட்டும் வழங்கியது. அவற்றைத் தவிர, லொயிட்ஸ் கோப்பிக் கடையைச் சுற்றியிருந்த தனிநபர்கள் தத்தம் பெயரில் காப்புறுதி செய்யலாம். இவர்கள் கேட்ட கட்டணத்தைத் தாங்க முடியாத சிறு கப்பற்காரர்கள், குறிப்பாக இங்கிலாந்தின் வடகிழக்கே நிலக்கரி ஏற்றிய துறைமுகங்களைச் சேர்ந்தவர்கள், வேறொரு வழி கண்டார்கள். ஒரே துறையைச் சேர்ந்தவர்கள் கூடி, எங்களில் ஒருவருடைய கப்பல் போனால் மற்றவர்கள் பங்கிட்டுக் கொடுப்போம் என்று உடன்பட்டார்கள். முதலீடு இல்லை, இலாபம் இல்லை, பங்குதாரர் இல்லை. காப்புறுதி செய்பவரும் காப்புறுதி பெறுபவரும் ஒருவரே. எந்தக் கப்பலின் பலகை உக்கியிருக்கிறது, எந்தக் கப்டன் குடிகாரன் என்பதெல்லாம் அங்கு எல்லோருக்கும் தெரிந்த சங்கதி. கழகத்தின் பலமே அந்த அறிமுகம்தான்.

1824இல் இரு கம்பனிகளின் ஏகபோகம் நீக்கப்பட்டது. சந்தையில் கட்டணம் குறைந்தது. நல்ல கப்பல் வைத்திருந்தவர்கள் மலிவான இடம் தேடி வெளியேறினார்கள். ஓட்டைக் கப்பல்காரர்கள் எஞ்சினார்கள். அவர்களது நட்டம் கூடக்கூட, மிஞ்சியிருந்த நல்லவர்களும் போனார்கள். சேர்ந்திருப்பதைவிடத் தனித்திருப்பது இலாபம் என்று பலமுள்ளவர் காணும் நாளில் பரஸ்பர அமைப்பு எதுவும் ஆட்டம் காணும். பழைய கழகங்களின் வீழ்ச்சி இதற்கு நல்ல உதாரணம்.

அவை முற்றாக அழிந்து போகாமைக்குக் காரணம், சந்தை தொட விரும்பாத ஒரு புதிய ஆபத்து. கல்கத்தாவுக்குப் போகும் ஊக்ளி ஆற்றில் இரு கப்பல்கள் மோதிய ஒரு வழக்கில், 1836இல் ஆங்கில நீதிமன்றம் ஒரு தீர்ப்பளித்தது: கப்பற் காப்புறுதி உன் கப்பலின் சேதத்துக்கே, உன் கப்பல் மற்றக் கப்பலுக்கு விளைவித்த சேதத்துக்கு நீ கொடுக்க வேண்டியதை அது ஈடுசெய்யாது. பின்னர் காப்புறுதியாளர்கள் அந்தப் பொறுப்பில் முக்காற் பங்கை ஏற்றார்கள். காற் பங்கு சொந்தக்காரர் தலையிலேயே கிடந்தது. முழுவதையும் ஏற்றால் கவனம் போய்விடும் என்பது அவர்களது வாதம்.

1846இல் வேறொரு சட்டம் வந்தது. அதுவரை ஆங்கிலப் பொதுச்சட்டத்தில் ஒரு விசித்திரம் இருந்தது: ஒருவனை முடமாக்கினால் அவன் நட்டஈடு கேட்கலாம், கொன்றுவிட்டால் அவனது குடும்பம் எதுவும் கேட்க முடியாது. கம்பெல் பிரபுவின் சட்டம் என்று அறியப்பட்ட இச்சட்டம், பிறரது தவறால் இறந்தவரின் குடும்பத்துக்கு வழக்காடும் உரிமையைத் தந்தது. 1854ஆம் ஆண்டின் வணிகக் கப்பற் சட்டம் சொந்தக்காரரின் பொறுப்புக்கு ஓர் எல்லை வகுத்தது. ஆனால் உயிர்ச்சேதம் என்று வந்தால், கப்பல் எவ்வளவு பழையதானாலும் அதன் பெறுமதியைத் தொன்னுக்கு 15 பவுணுக்குக் குறையாமல் கணக்கிட வேண்டும் என்றது. குடிபெயர்வோரை நூற்றுக்கணக்கில் ஏற்றி வட அமெரிக்காவுக்கும் அவுஸ்திரேலியாவுக்கும் ஓடிய கப்பல்களின் சொந்தக்காரர்களுக்கு இது சிறிய விடயமல்ல.

அச்சட்டம் நடைமுறைக்கு வந்த நாள் 1855 மே 1. அதே நாளில் லண்டனில் கப்பற் சொந்தக்காரர் பரஸ்பரப் பாதுகாப்புச் சங்கம் தொடங்கியது. பிரித்தானியா என்ற பெயரில் இன்றும் இயங்கும் இதுவே இவ்வகைக் கழகங்களில் முதலாவது. மோதலில் எஞ்சிய காற் பங்கும், உயிர்ச்சேதம், காயம் என்பவற்றுக்கான பொறுப்பும் அதன் பொருளாயின. பின்னர் வெஸ்ரன்ஹோப் என்ற கப்பலின் கதை வந்தது. கேப் ரவுணில் இறக்க வேண்டிய சரக்கைத் திரும்பி வரும்போது இறக்கலாம் என்று போர்ட் எலிசபெத்துக்குக் கொண்டுபோன அக்கப்பல் 1870இல் தொலைந்தது. வழி விலகியதால் சரக்கின் நட்டம் சொந்தக்காரரின் தலையில் விழுந்தது. 1874இல் சரக்குப் பொறுப்புக்கான நட்டஈட்டுப் பிரிவும் தோன்றியது. பாதுகாப்பும் நட்டஈடும் இணைந்தே, இன்று கப்பற்காரர் ‘பி அன்ட் ஐ கிளப்’ என்று அழைக்கும் அமைப்பு உருவானது.

அதன் செயல்முறை எளியது. ஒவ்வொருவரும் தமது தொன்னுக்கும் முன்னைய நட்ட வரலாற்றுக்கும் ஏற்ப ஒரு தொகை கட்டுவர். ஆண்டு முடிவில் பணம் போதாவிட்டால் மேலதிகமாகக் கோரப்படும். மீந்தால் அடுத்த ஆண்டுகளுக்கு உதவும். கழகங்கள் தமக்குள்ளும் இவ்வாறே செய்கின்றன: ஒரு கோடி டொலருக்கு மேற்பட்ட நட்டத்தைச் சர்வதேசக் குழுவிலுள்ள 12 கழகங்களும் பங்கிடுகின்றன. உலகின் கடற்கப்பற் தொன்னில் ஏறத்தாழ 90 வீதம் இவற்றின் கீழ் அடங்குகிறது.

இதை மனித ஒற்றுமையின் வெற்றி என்று கொண்டாடத் தோன்றும். அவசரப்பட வேண்டியதில்லை. இது சொந்தக்காரர்களின் ஒற்றுமை. மாலுமியோ பயணியோ இதில் அங்கத்தவர் அல்லர். ‘முதலில் நீ கொடு, பிறகு நாங்கள் உனக்குத் தருவோம்’ என்பது கழகங்களின் பழைய விதி. சொந்தக்காரர் வங்குரோத்தாகி எதையும் கொடுக்க முடியாமற் போனால்? பாதிக்கப்பட்டவர் கழகத்திடம் நேரே கேட்க முடியாது என்று 1990இல் பிரித்தானியப் பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது. எண்ணெய்க் கசிவு போன்றவற்றில் நேரே கேட்கும் உரிமையைச் சர்வதேச உடன்படிக்கைகளே தந்தன. கைவிடப்பட்ட மாலுமிகளுக்கான நிதி உத்தரவாதம் 2017இல்தான் கட்டாயமானது. ஒவ்வொரு முறையும் வெளியிலிருந்து சட்டம் நெருக்கியபோதுதான் கழகத்தின் வட்டம் அகன்றது என்பதே உண்மை.

இங்கேதான் எமது கதை குறுக்கிடுகிறது. இக்கழகங்களின் விதிகளில் ‘ஒளிந்து பயணிப்போர், அகதிகள், கடலில் காப்பாற்றப்பட்டோர்’ பற்றிய பிரிவு உண்டு. அவர்களைக் கரைசேர்க்க வழிமாறிய கப்பலின் எரிபொருள், உணவு, துறைமுகச் செலவு என்பவற்றைக் கழகம் ஈடுசெய்யும். எமக்காக யாரோ இரங்கி எழுதிய பிரிவல்ல இது. செலவாகக் கூடிய எதையும் கணக்கில் எடுக்கும் பழக்கம் தந்தது. அந்தக் கணக்கும் எல்லா இடத்திலும் உயிர் காக்கவில்லை. 1992இல் எம்.சி. ரூபி என்ற கப்பலில் ஒளிந்திருந்த ஆபிரிக்கர் எட்டுப் பேரை மாலுமிகள் கொன்று கடலில் எறிந்தனர். தப்பிய ஒருவர் பிரான்சில் இறங்கிச் சொன்னதால் உலகம் அறிந்தது. 2001இல் 430க்கும் மேற்பட்டோரைக் காப்பாற்றிய நோர்வேக் கப்பல் ரம்பாவை அவுஸ்திரேலியா தடுத்து நிறுத்தியது. எரிபொருளுக்குக் காசு கொடுக்கலாம்; மூடிய துறைமுகத்தைக் காசு திறக்காது.

எம்மவர் வந்த கப்பல்களோ இந்த ஏற்பாடுகளின் நிழலில்கூட வரவில்லை. 1986 ஆகஸ்டில் 155 தமிழரை இரண்டு உயிர்காப்புப் படகுகளில் இறக்கிவிட்டுக் கப்பல் போய்விட்டது. நியூபவுண்ட்லாந்துக் கரையோரப் பனிமூட்டத்தில் அவர்களைக் கண்டு ஏற்றியவர்கள் மீனவர்கள். 2010 ஆகஸ்டில் 492 பேருடன் சன் சீ பிரிட்டிஷ் கொலம்பியாவை அடைந்தது. இவற்றில் ஒன்று மூழ்கியிருந்தால் யாரிடம் யார் நட்டஈடு கேட்டிருப்பார்? 1847இன் கேள்வி 1986இலும் 2010இலும் அப்படியே நின்றது.

எமது கடல் வரலாற்றை நாம் பேசும் விதத்தையும் இங்கு யோசிக்க வேண்டும். வல்வெட்டித்துறையில் கட்டப்பட்ட அன்னபூரணி, அமெரிக்கர் ஒருவர் வாங்கிய பின் எம்மூர் மாலுமிகளால் செலுத்தப்பட்டு 1938இல் மசச்சுசெற்ஸின் குளொஸ்ரரை அடைந்ததைப் பெருமையோடு நினைவுகூர்கிறோம். நியாயமான பெருமை. ஆனால் திரும்பி வராத கப்பல்களின் நட்டத்தை எவர் சுமந்தார், இறந்த மாலுமியின் வீட்டு அடுப்பு எப்படி எரிந்தது என்று கேட்பதில்லை. இந்து சமுத்திர வணிகரிடமும் ஆபத்தைப் பங்கிடும் வழிகள் இருந்தன. சரக்குப் பத்திரமாகச் சேர்ந்தால் மட்டுமே பணம் செலுத்த வேண்டிய குஜராத்தின் ‘ஜோக்கமி’ உண்டியல் அவற்றில் ஒன்று. துணிச்சலை எழுதினோம், கணக்கேட்டை எழுதவில்லை.

சீட்டும் ஊர்ச்சங்கமும் இந்நகரில் எம்மைத் தாங்கிய பரஸ்பர அமைப்புகள். வங்கி நம்பாத காலத்தில் அறிமுகமே எமது பிணையாக இருந்தது. வடகிழக்கு இங்கிலாந்தின் நிலக்கரித் துறைக் கழகத்தைப் போலவே, அறிமுகம்தான் இவற்றின் பலமும் எல்லையும். ஊரும் சாதியும் தெரியாதவருக்கு, தனியே வந்த பெண்ணுக்கு, கடைசிக் கப்பலில் வந்தவருக்கு இந்த வட்டத்தில் இடம் என்ன? கப்பற்காரரின் வட்டத்தை அகற்றச் சட்டம் இருந்தது. எமது வட்டத்தை அகற்ற எமது மனச்சாட்சியும், இது போன்ற பக்கங்களில் நடக்கக் கூடிய விவாதமும் மட்டுமே உண்டு.