ஆலைத் தொழிலாளியும் பள்ளி ஆசிரியரும்: இராஜபாளையம், திருவில்லிபுத்தூர்ப் பகுதியை முன்வைத்துப் பணிவரன்முறை, ஊதிய வழக்குகளின் வரலாறு

ஆய்வுச் சுருக்கம்

பள்ளி ஆசிரியர்களின் பணிவரன்முறை, ஊதிய உரிமை பற்றிய வழக்குகள் எந்தச் சட்டப் பாதையில் சென்றன என்பதை இக்கட்டுரை ஆராய்கின்றது. ஆலைத் தொழிலாளிக்குக் கிடைத்த தொழில் தகராறு முறை ஆசிரியருக்குக் கிடைக்காமையே, அவரை உயர்நீதிமன்றத்தைச் சார்ந்திருக்கச் செய்தது என்பது இதன் கருதுகோளாகும்.

திறவுச்சொற்கள்: பணிவரன்முறை, தொகுப்பூதியம், உதவிபெறும் பள்ளி, நீதிப்பேராணை, சம ஊதியம்.

முன்னுரை

இராஜபாளையம் நூற்பாலை நகரம். அண்டையிலுள்ள திருவில்லிபுத்தூர் விருதுநகர் மாவட்டத்தின் முதன்மை நீதிமன்றம் அமைந்த ஊர். ஒரே தெருவில் வாழும் ஆலைத் தொழிலாளியும் ஆசிரியரும் பணி நீக்கப்பட்டால், இருவரும் நாடவேண்டிய இடங்கள் வேறு வேறு. இவ்வேறுபாட்டின் வரலாற்றை விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

தொழிலாளர் சட்டமும் ஆசிரியரும்

1947-ஆம் ஆண்டின் தொழில் தகராறுகள் சட்டம் தொழிலாளிக்குச் சமரச அலுவலரையும் தொழிலாளர் நீதிமன்றத்தையும் வழங்கியது. 1988-இல் கோவாவிலிருந்து எழுந்த வழக்கொன்றில், ஆசிரியர் அச்சட்டத்தின் பொருளில் 'தொழிலாளி' அல்லர் என உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. பணிக்கொடைச் சட்டத்திலும் 2004-இல் இதே நிலையே எடுக்கப்பட்டது. 2009-ஆம் ஆண்டுத் திருத்தமே 3.4.1997 முதல் முன்தேதியிட்டு ஆசிரியரைப் பணிக்கொடைக்கு உரியவராக்கியது. கற்பித்தலை உயர்பணியாகக் கருதிய பார்வை, நடைமுறையில் ஆசிரியரின் உரிமையைக் குறைத்தது எனலாம்.

1973-ஆம் ஆண்டுச் சட்டமும் பணியிட ஒப்புதலும்

தமிழ்நாடு அங்கீகரிக்கப்பட்ட தனியார் பள்ளிகள் (ஒழுங்குமுறை) சட்டம், 1973 இவ்விடைவெளியை ஓரளவு நிரப்பியது. பிரிவு 22-இன்படி, உரிய அதிகாரியின் முன் ஒப்புதலின்றி ஆசிரியரைப் பணிநீக்கம் செய்யவோ பதவியிறக்கம் செய்யவோ இயலாதிருந்தது. மேல்முறையீட்டுக்கும் தீர்ப்பாயத்துக்கும் அச்சட்டம் வழிசெய்தது.

ஆயினும் உதவிபெறும் பள்ளிகளில் முதன்மைச் சிக்கல் நீக்கமன்று, நியமன ஒப்புதலே. பள்ளிக்குழு நியமிக்கின்றது, ஊதிய மானியம் கல்வித்துறையின் ஒப்புதலுக்குப் பின்னரே கிடைக்கின்றது. 29.12.1997 நாளிட்ட அரசாணை எண் 525 மாணவர் எண்ணிக்கையின் அடிப்படையில் பணியிடங்களை வரையறுத்தது. உபரி ஆசிரியர் உள்ளனர் என்னும் காரணத்தால் ஒப்புதல் மறுக்கப்படும்போது, ஆசிரியர் வகுப்பெடுத்தும் ஊதியமின்றி நிற்கின்றார். அரசியலமைப்பின் 226-ஆம் உறுப்பின்கீழ் நீதிப்பேராணை கோருவதே அவருக்கு எஞ்சும் வழி. 24.7.2004 அன்று மதுரைக் கிளை தொடங்கப்படும்வரை, இப்பகுதியினர் அதற்காகச் சென்னை செல்ல வேண்டியிருந்தது.

தொகுப்பூதியமும் பணிவரன்முறையும்

அரசுப் பள்ளிகளில் 2003 முதல் ஆசிரியர்கள் தொகுப்பூதியத்தில் நியமிக்கப்பட்டனர். 10.4.2006 அன்று உமாதேவி வழக்கில் உச்சநீதிமன்றத்தின் அரசியலமைப்பு அமர்வு, முறையான தேர்வின்றிப் பணியேற்றவர்களை நிரந்தரமாக்குமாறு நீதிமன்றங்கள் ஆணையிடலாகாது என்றது. அடுத்த சில வாரங்களில், தொகுப்பூதிய ஆசிரியர்களை 1.6.2006 முதல் காலமுறை ஊதியத்துக்குக் கொண்டுவரத் தமிழக அரசு முடிவெடுத்தது. நீதிமன்றம் தன் எல்லையைச் சுருக்கிக்கொண்ட காலத்திலேயே அரசின் கொள்கை முடிவு நிவாரணமானது இங்குக் கருதத்தக்கது. எனினும் தொகுப்பூதியக் காலத்தைப் பணிக்காலமாகக் கணக்கிடும் வினா மேலும் வழக்குகளைத் தோற்றுவித்தது.

2012-இல் ஓவியம், உடற்கல்வி முதலிய பாடங்களுக்கு 16,549 பகுதிநேர ஆசிரியர்களை ரூ.5,000 ஊதியத்தில் அமர்த்தும் திட்டம் நடைமுறைக்கு வந்தது. அத்தொகை பின்னர் ரூ.12,500 வரை உயர்ந்தபோதும் பணிநிரந்தரக் கோரிக்கை தொடர்ந்தது.

ஊதியச் சமன்மை

31.5.2009-க்கு முன் பணியேற்ற இடைநிலை ஆசிரியரின் அடிப்படை ஊதியம், பழைய ரூ.4,500-ஐ 1.86 ஆல் பெருக்கி ரூ.8,370 என அமைந்தது. மறுநாள் முதல் பணியேற்றவர் ரூ.5,200-இல் தொடங்கினார். தகுதியும் பணியும் ஒன்றாயிருக்க, பணியேற்ற நாள் மட்டுமே ரூ.3,170 வேறுபாட்டை உண்டாக்கியது. 26.10.2016 அன்று ஜக்ஜித் சிங் வழக்கில், சமவேலைக்குச் சமஊதியம் தற்காலிகப் பணியாளருக்கும் பொருந்தும் என உச்சநீதிமன்றம் கூறியது. ஆனால் அது காலமுறை ஊதியத்தின் தொடக்கநிலைத் தொகைக்கே உரிமையளித்தது. நிரந்தரப் பணியிலிருந்தே தொடக்கநிலையில் பாதிக்கப்பட்ட 2009-க்குப் பிந்தைய இடைநிலை ஆசிரியருக்கு அத்தீர்ப்பு நேரடித் தீர்வாகவில்லை.

முடிவுரை

நீக்கத்துக்கு எதிரான காப்பைச் சட்டமன்றமும், பணிவரன்முறையை அரசாணையும், சமஊதியக் கொள்கையை நீதிமன்றமும் தனித்தனியே வளர்த்தன. நியமன ஒப்புதலுக்கும் ஊதிய நிலுவைக்கும் மாவட்ட அளவிலேயே காலவரையறையுடன் தீர்வு தரும் அமைப்பு உருவாகவில்லை. தனியார் பள்ளிகளுக்கென 2018-இல் இயற்றப்பெற்று 2023-இல் நடைமுறைக்கு வந்த புதிய சட்டத்தை மதிப்பிடுவோர், இவ்வளவுகோலைக் கொண்டே அதனை அளத்தல் தகும்.