பெர்லினில் பாடம் படித்த நாயகி

தேவிகா ராணி என்றதும் பழைய சினிமா பிரியர்கள் ஒரு விஷயத்தைத்தான் கண் சிமிட்டிக்கொண்டே சொல்வார்கள்... 'கர்மா' படத்து முத்தம்! 1933-ல் வெளியான படம். பாம்பு கடித்துக் கிடக்கும் இளவரசனை நாயகி முத்தமிடுகிறாள். இளவரசன் வேறு யாருமில்லை, அவருடைய சொந்தக் கணவர் ஹிமான்ஷு ராய்தான். அந்த ஒரு காட்சியைப் பேசிப் பேசியே, அந்தப் பெண்மணி செய்த பெரிய வேலைகளை நாம் மறந்துவிட்டோம்.

தேவிகா பிறந்தது 1908-ல், அன்றைய சென்னை மாகாணத்திலிருந்த வால்டேரில். அப்பா கர்னல் சௌத்ரி, சென்னை மாகாணத்தின் முதல் இந்திய சர்ஜன் ஜெனரல். தாகூர் வீட்டுக்குச் சொந்தம். ஒன்பது வயதிலேயே மகளைப் படிக்க இங்கிலாந்துக்கு அனுப்பிவிட்டார்கள்.

லண்டனில், 1928-ல், ராயைச் சந்தித்தார் தேவிகா. ராய்க்கு அப்போதே ஜெர்மானியர்களோடு கூட்டு. மியூனிக்கைச் சேர்ந்த டைரக்டர் ஃப்ரான்ஸ் ஆஸ்டனை இந்தியாவுக்கு அழைத்து வந்து, புத்தர் கதையை 1925-ல் மௌனப்படமாக எடுத்திருந்தார். அதில் நாயகி 'சீதாதேவி'. நிஜப் பெயர் ரெனி ஸ்மித், ஆங்கிலோ இந்தியப் பெண்! 1929-ல் வந்த 'பிரபஞ்ச பாஷ்' படத்திலும் அவர்தான் நடித்தார். அந்தப் படத்தில் தேவிகாவுக்குக் கிடைத்தது நடிப்பு வேலை அல்ல. உடை, அரங்க அலங்கார வேலை.

அதே ஆண்டு கல்யாணம். தம்பதி நேரே பெர்லின் போனார்கள். அங்கே 'உஃபா' என்ற பிரமாண்டமான ஸ்டூடியோ. மார்லீன் டீட்ரிச்சை உலக நட்சத்திரமாக்கிய 'ப்ளூ ஏஞ்சல்' அங்கேதான் உருவாகிக்கொண்டிருந்தது. கேமராவுக்கு முன்னால் எப்படி நிற்பது என்பதோடு, கேமராவுக்குப் பின்னால் என்னென்ன நடக்கிறது என்பதையும் கற்றார் தேவிகா. மேக்கப், உடை, செட் என்று எதையும் விடவில்லை.

1934-ல் பம்பாய் மலாடில் 'பாம்பே டாக்கீஸ்' பிறந்தது. டைரக்ஷன் ஆஸ்டன், கேமரா ஜோசப் விர்ஷிங், செட் கார்ல் வான் ஸ்ப்ரெட்டி... எல்லாரும் ஜெர்மனிக்காரர்கள்! ஆஸ்டனுக்கு இந்தி தெரியாது. ஆனாலும் படங்கள் ஓடின. (நம்மூரிலும் தமிழ் தெரியாத அமெரிக்கர் எல்லிஸ் டங்கன், 1936-ல் 'சதி லீலாவதி'யை இயக்கினார் இல்லையா, அதுபோல!)

அதே 1936-ல்தான் 'அச்சூத் கன்யா' வந்தது. தீண்டப்படாத சாதிப் பெண், பிராமணப் பையன், தேவிகாவும் அசோக்குமாரும். ரயிலை நிறுத்தப் போய் உயிர் விடுகிறாள் நாயகி. தீண்டாமைக்கு எதிரான அந்தப் படத்தை இயக்கிய ஆஸ்டன், அந்த ஆண்டில்தான் ஹிட்லரின் நாஜிக் கட்சியில் உறுப்பினர் ஆனார்! மனிதர்களைப் பிறப்பை வைத்துத் தரம் பிரித்த கட்சி அது. சரித்திரத்துக்குக் கிண்டல் அதிகம்தான்.

1939 செப்டம்பரில் உலகப் போர் வெடித்தது. 'கங்கன்' படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தபோதே, ஜெர்மானியர்களை எதிரி நாட்டார் என்று பிரிட்டிஷ் அரசு பிடித்துக்கொண்டு போனது. டைரக்டர் இல்லை, கேமராமேன் இல்லை. எட்டே மாதத்தில், 1940 மே மாதம், ஹிமான்ஷு ராயும் இறந்துபோனார்.

ஸ்டூடியோவை இழுத்து மூடியிருக்கலாம். தேவிகா மூடவில்லை. முப்பத்திரண்டு வயதில் நிர்வாகத்தைக் கையில் எடுத்தார். பெர்லினில் கற்றதெல்லாம் கைகொடுத்த நேரம் அது. 1943-ல் அங்கிருந்து வந்த 'கிஸ்மத்' கல்கத்தாவில் மூன்று வருடங்களுக்கு மேல் ஓடியது! யூசுஃப் கான் என்ற இளைஞரை மாசம் 1,250 ரூபாய் சம்பளத்துக்கு எடுத்து, 1944-ல் 'ஜ்வார் பாட்டா'வில் நடிக்க வைத்தார். பெயரையும் மாற்றச் சொன்னார். அந்தப் புதுப் பெயர், திலீப்குமார்.

ஆனால், உள்ளே கோஷ்டிச் சண்டை. சஷாதர் முகர்ஜியும் அசோக்குமாரும் 1943-லேயே பிரிந்துபோய் 'ஃபிலிமிஸ்தான்' தொடங்கினார்கள். 1945-ல் தன் பங்குகளை விற்றுவிட்டு, ரஷ்ய ஓவியர் ஸ்வெதஸ்லாவ் ரோரிக்கை மணந்து ஒதுங்கினார் தேவிகா. மறுபடி நடிக்கவே இல்லை. 1969-ம் ஆண்டுக்கான தாதாசாகேப் பால்கே விருது, அந்த விருதிலேயே முதலாவது, அவருக்குத்தான் தரப்பட்டது. 1994 மார்ச் 9-ம் தேதி பெங்களூரில் காலமானார்.

போர்க்காலத்தில் பிடித்துப் போனார்களே, கேமராமேன் விர்ஷிங்... விடுதலையான பிறகு அவர் ஜெர்மனிக்குத் திரும்பி ஓடவில்லை. இங்கேயே இருந்து 'மகல்', 'பாக்கீஸா' என்று படம்பிடித்தார். பெர்லினில் பாடம் படித்தவர் சினிமாவை விட்டு விலகிவிட்டார். ஜெர்மனியிலிருந்து வந்தவர் இந்தி சினிமாவை விட்டுப் போகவே இல்லை!