தமிழ் படிக்க வந்த அமெரிக்கர்

பிறநாட்டிற்குப் போய் அந்நாட்டு மொழி படிக்கும் மாணவர் படும் பாடு என்றதும் நேயர்களுக்கு ஒஸ்லோவும் பாரிசுமே நினைவுக்கு வரும். யாழ்ப்பாணத்துக்கே அப்படி வந்து அல்லற்பட்டோர் இருந்தனர்.

1816 இல் அமெரிக்க மிசனரிமார் இங்கு வந்து, தெல்லிப்பழையிலும் வட்டுக்கோட்டையிலும் குடியமர்ந்தனர். போதிக்க வந்தவர்கள்தாம், எனினும் முதலில் மாணாக்கராகவே அமரவேண்டியிருந்தது. ஆங்கிலம் பேசிய நாவுக்கு லகர, ளகர, ழகர பேதம் இலேசில் வசப்படுவதன்று. சந்தையில் கேட்பது ஒரு தமிழ், ஏட்டில் இருப்பது வேறொரு தமிழ். அந்த ஏட்டிலோ சொல்லுக்குச் சொல் இடைவெளி இல்லை. மெய்க்குப் புள்ளியும் இல்லை. பெப்ரிசியசின் 1779 ஆம் ஆண்டு அகராதி இருந்ததெனினும், இலக்கியம் படிக்க அது போதாது. எனவே உள்ளூர்ப் புலவர்களே கதி.

அந்தத் தேவையிலிருந்துதான் நமக்கு அகராதிகள் கிடைத்தன. 58,000 க்கு மேற்பட்ட சொற்களுடன் மானிப்பாய் அகராதி 1842 இல் வந்தது. தொகுத்தவர் சந்திரசேகர பண்டிதர். 1862 இல் வந்த தமிழ் - ஆங்கில அகராதியில் ஏறக்குறைய 67,000 சொற்கள். அதனை வின்சிலோ அகராதி என்றே சொல்லிப் பழகிவிட்டோம். அதற்கு உழைத்த நம் பண்டிதர்மாரை எவர் நினைக்கிறார்?

இம்மாணாக்கருள் என் மனத்தைக் கவர்ந்தவர் வைத்தியர் சாமுவேல் கிறீன். 1847 இல், தமது இருபத்தைந்தாம் வயதில் வந்தவர். மறு ஆண்டு மானிப்பாய்க்கு மாறினார். அவர் தமிழ் கற்றது நோயாளியிடம் நோவு எங்கே என்று கேட்பதற்கு மட்டுமன்று. ஆங்கிலத்தில் வைத்தியம் படித்தவன் அரசாங்க உத்தியோகம் தேடிப் போய்விடுவான், தமிழில் படித்தவனே கிராமத்தில் தங்குவான் என்று கண்டார். 1864 இல் தமிழிலேயே வைத்தியம் கற்பிக்கலானார். தம் மாணவர் உடையிலும் உணவிலும் இந்நாட்டவராகவே இருத்தல் வேண்டும் என்பதும் அவர் எண்ணம். அந்நியச் சூழலில் தாம் பட்ட அந்தரத்தை அவர்கள் சொந்த ஊரிலேயே படலாகாது என்று நினைத்தார் போலும்! அவரிடம் பயின்ற 60 க்கு மேற்பட்டோரில் 33 பேர் தமிழில் கற்றவர்கள்.

கலைச்சொல்லுக்காக அவர் பட்ட சிரமம் தனிக்கதை. 1867 இல் 'இரணவைத்தியம்' என்று அழகாகப் பெயரிட்டவர், இரசாயனத்துக்கு வந்தபோது 'கெமிஸ்தம்' என்றே வைத்துவிட்டார். அந்நூல் வெளிவந்த 1875 இல் அவர் இங்கில்லை. 1873 இலேயே மசாசூசெற்சுக்குத் திரும்பியிருந்தார். அங்கிருந்தபடியே, 1884 இல் இறக்கும்வரை தமிழ் வைத்திய நூல்களுக்காக உழைத்தார். மானிப்பாயிலோ அவர் தொடங்கிய தமிழ்வழி வைத்தியக் கல்வி நெடுநாள் நிலைக்கவில்லை.