தெப்பத்தின் மூட்டு

ஆர்மோனியம் என்றதும் நாடக மேடையின் ஓரமும், ஒரு கை துருத்தியிலும் மறு கை கட்டைகளிலுமாகப் பின்பாட்டுப் பாடுபவரும் நம் கண்முன் வருவார்கள். முழங்கால் வலிக்கு மருத்துவர் எழுதித் தரும் ஆர்த்ரைடிஸ் என்ற சொல்லை யாரும் அந்தப் பெட்டியோடு சேர்த்து நினைப்பதில்லை. ஆனால் இரண்டும் உறவுச் சொற்கள். பொருந்துதல், பொருத்துதல் என்ற பொருள் கொண்ட பழைய இந்தோ ஐரோப்பிய வேர் ஒன்று கிரேக்கத்தில் 'அர்' என்று நின்றது. அதிலிருந்து கிளைத்த 'ஆர்த்ரான்' உடம்பின் மூட்டைக் குறித்தது. 'ஹார்மோனியா' முதலில் மரத்தின் மூட்டு.

தமிழிலும் 'ஆர்' இருக்கிறதே, பொருந்துதல் என்ற பொருளும் அதற்கு உண்டே என்று மனம் தாவும். தாவக் கூடாது. இரண்டு மொழிகளில் ஓசை ஒத்திருப்பது மட்டும் உறவுக்குச் சான்றாகாது.

ஹார்மோனியா தச்சரின் சொல்லாக இருந்ததற்கு ஹோமரே சாட்சி. ஒடிசி காவியத்தின் ஐந்தாம் காண்டத்தில், கலிப்சோவின் தீவில் சிக்கிய ஒடிசியஸ் இருபது மரங்களை வெட்டிச் செதுக்கி, துளையிட்டு, ஒன்றோடொன்று பொருத்தித் தெப்பம் கட்டுகிறான். அதை இறுக்கிப் பிடித்தவை மர ஆணிகளும் 'ஹார்மோனியா'க்களும். பிறகு கடல் கொந்தளிக்கிறது. மூட்டுகள் விடாமல் பிடித்திருக்கும் வரை தெப்பத்தை விட்டு இறங்குவதில்லை என்று அவன் முடிவு செய்யும்போதும் அதே சொல்தான் வருகிறது. பின்னாளில் உலகம் சிதறாமல் இருப்பதற்கே காரணமாகச் சொல்லப்பட்ட சொல், முதலில் ஒரு மனிதனைக் கடலில் மூழ்காமல் காத்த சொல்.

இலியத்தில் அது இன்னொரு பொருளில் வருகிறது. வென்றவன் தோற்றவனின் உடலைச் சிதைக்காமல் திருப்பித் தர வேண்டும் என்று ஹெக்டர் அக்கிலீசிடம் உடன்படிக்கை கேட்கிறான். தேவர்கள் சாட்சியாக நிற்கும் அந்த உடன்படிக்கையும் ஹார்மோனியாதான். இங்கே ஒரு தமிழ்க் காதுக்குச் சட்டென்று பொறி தட்டும். 'இசைந்தான்' என்றால் நமக்கும் உடன்பட்டான் என்றுதானே பொருள்? இசைதல் என்றால் பொருந்துதல். இசைவு என்றால் சம்மதம். இசை என்றால் பாட்டு. வேரில் தொடர்பே இல்லாத இரண்டு மொழிகள் ஒரே வழியில் நடந்து வந்திருக்கின்றன. கடன் வாங்கிய சொல்லைவிட இப்படித் தனித்தனியே ஒத்துப்போன சொற்கள்தாம் எனக்குப் பெரிய வியப்பு.

கிரேக்கத்தில் மரத்திலிருந்து நரம்புக்குச் சொல் மாறியது பிதாகரஸ் மரபினரிடம் நன்றாகத் தெரிகிறது. கி.மு. 5ஆம் நூற்றாண்டின் பிலோலாவுஸ், தம்முள் ஒவ்வாத பொருள்கள் உலகமாகச் சேர்ந்து நிற்க வேண்டுமானால் ஒரு ஹார்மோனியா அவற்றைப் பூட்ட வேண்டும் என்று எழுதினார். அடுத்து அவர் விவரித்தது தச்சு வேலையை அல்ல, சுர இடைவெளிகளை. ஒரு சட்சமத்திலிருந்து மேல் சட்சமம் வரையுள்ள முழு நீளத்துக்கு அவர் இட்ட பெயரே ஹார்மோனியா. பல சுரங்களை ஒரே நேரத்தில் ஒலிக்கவிடும் இன்றைய 'ஹார்மனி' அன்றைய கிரேக்கருக்கு இந்தச் சொல்லின் பொருளாக இருக்கவில்லை.

அடுத்து பிளேட்டோ. கி.மு. 360ஐ ஒட்டி எழுதப்பட்டதாகக் கருதப்படும் 'திமேயுஸ்' உரையாடலில், உலகைச் செய்தவன் ஒரு கைவினைஞன். அவன் உலக உயிருக்கான கலவையைப் பிசைந்து 1, 2, 3, 4, 9, 8, 27 என்ற அளவுகளில் வெட்டுகிறான். இடைவெளிகளை 9/8 என்ற முழுச் சுரத்தால் நிரப்புகிறான். அதற்கும் அடங்காத இடத்தில் 256/243 என்ற சிறு துண்டை வைக்கிறான். நிரம்பிய பட்டையை நீளவாக்கில் இரண்டாகக் கிழித்து, பெருக்கல் குறிபோலக் குறுக்கே வைத்து, வளைத்து வட்டங்களாக்குகிறான். கோள்கள் அந்தச் சுர அளவுகளின் பாதையிலேயே ஓடுகின்றன. அவற்றைப் படைத்ததே காலத்தை அளந்து காப்பதற்காக. காலமும் வானமும் ஒன்றாகவே பிறந்தன என்கிறது நூல். காலத்தைத் தடம் புரளாமல் நிறுத்த ஒரு சுரவரிசை! பிளேட்டோ இதை மெய்யென்று சாதிக்கவில்லை. நம்பத்தகுந்த கதை என்றே திமேயுஸின் வாயால் சொல்ல வைக்கிறார். அந்த நேர்மைக்காகவே இந்தக் கதையை நான் நேசிக்கிறேன். வடமொழியின் 'ருதம்' என்ற ஒழுங்கும் 'ருது' என்ற பருவமும் அதே 'பொருத்து' வேரில் பிறந்தவை என்பது மொழியியலாரின் கணிப்பு. பொருத்தத்தையும் காலத்தையும் ஒன்றாகப் பார்த்தவர் பிளேட்டோ மட்டுமல்ல என்பதற்கு அது ஒரு குறிப்பு.

வெட்டி முடித்தபோது கலவை முழுவதும் செலவாகிவிட்டது என்கிறது கதை. கணக்கு அவ்வளவு இணக்கமாக இல்லை. ச-ப இடைவெளியான 3/2ஐப் பன்னிரண்டு முறை அடுக்கினால் 129.75 அளவில் வருகிறது. ச-மேல் ச இடைவெளியான 2ஐ ஏழு முறை அடுக்கினால் 128. இரண்டும் ஒரே இடத்தில் வந்து சேர வேண்டியவை, சேரவில்லை. காது கவனித்தால் பிடித்துவிடும் அளவுக்கு, ஏறத்தாழ அரைச் சுரத்தில் கால் பங்கு, ஒரு பிசிறு மிஞ்சுகிறது. மூட்டு என்று பெயர் பெற்றதில் ஓர் இடுக்கு!

1619இல் கெப்ளர் தம் 'உலகின் ஹார்மோனி' நூலில் கோள்களின் வேகங்களிலேயே சுரங்களைத் தேடினார். சனியின் மிகக் குறைந்த வேகத்துக்கும் மிகுந்த வேகத்துக்கும் 4:5 என்று கண்டார். அவர் கேட்ட பாட்டு நிலைக்கவில்லை. கோள் சுற்றும் காலத்தின் வர்க்கம் சூரியனிடமிருந்து அதன் சராசரித் தொலைவின் கனத்துக்கு நேர்விகிதம் என்று அதே நூலில் அவர் வைத்த விதி இன்றும் நிற்கிறது.

1842இல் பாரிசில் அலெக்சாந்தர் தெபேன் தம் காற்றுக் கருவிக்கு ஆர்மோனியம் என்ற பெயரில் காப்புரிமை பெற்றார். தச்சரின் சொல் மறுபடி மரப்பெட்டிக்கு வந்து சேர்ந்தது. இந்தியாவுக்கு வந்த பெட்டி தரையில் உட்கார்ந்து வாசிக்கத் தோதாகக் கையால் ஊதும் துருத்தி பெற்றது. நாடகமும் பஜனையும் அதை ஏற்றன. கமகமும் நுண்சுருதியும் அதில் வராது என்று சொல்லி அகில இந்திய வானொலி 1940இல் அதை விலக்கியது. 1971 வரை அந்தத் தடை நீடித்தது. குற்றச்சாட்டில் உண்மை உண்டு. சம அளவாகச் சுருதி கூட்டிய பெட்டியில், பன்னிரண்டு அடுக்குகளின் முடிவில் மிஞ்சும் அந்தப் பிசிறைப் பன்னிரண்டாகப் பங்கிட்டு, ஒவ்வொரு பஞ்சமத்தையும் மயிரிழை குறைத்திருப்பார்கள். தம்பூராவின் பஞ்சமத்துக்குப் பக்கத்தில் வைத்து அதைக் கேட்டால் ஒரு மெல்லிய நடுக்கம் எழும். அந்த நேரத்தில் பின்பாட்டுக்காரர் கட்டையிலிருந்து விரலை எடுத்துவிட்டுக் குரலால் மட்டும் பாடுவார்.